நீலச்சட்டைக்காரனும் ஒரு சிவப்பு வாளியும்

காதோரத்து நரைக்குச் சாயம் பூச ஆரம்பித்துவிட்ட என் வயதுக்காரர்களே, உங்களில் எத்தனை பேர் டிவி கேம் கேசட்டின் அடிவாயில் வாய் வைத்து ஊதியிருக்கிறீர்கள்? கேசட் ஓடவில்லை என்றால் ஊத வேண்டும். ஊதியும் ஓடவில்லை என்றால் சட்டையில் துடைத்துவிட்டு மறுபடியும் ஊத வேண்டும். இதற்கு மேல் நமக்கெல்லாம் இன்ஜினியரிங் தெரியாது. அந்தக் கேசட்டின் தூசி வாசனை மூக்கில் இன்னும் இருப்பவர்களுக்காகத்தான் இதை எழுதுகிறேன். மற்றவர்களும் படிக்கலாம், குற்றமில்லை.

இப்போது என் கைப்பேசியில் அந்தக் காலத்து கேம்கள் ஆயிரத்துக்கு மேல் கிடக்கின்றன. பழைய டிவி கேம் பெட்டி செய்த வேலையை போனே நடித்துக் காட்டுகிறது. அப்படி நடிக்க வைக்கிற சாப்ட்வேருக்கு எமுலேட்டர் என்று பெயர். இதெல்லாம் இன்றைக்கு என் வீட்டுப் பொடிசுகளுக்குச் சாதாரணம். எங்களுக்கு அப்படி இல்லை. போனில் எண்கள் பொத்தான்களாக இருந்த காலத்தில், ஒரு மே மாத விடுமுறையில் அது எங்கள் வீட்டுக்குள் வந்தது. வந்து, நாலு வருடமாக மூடிக் கிடந்த ஒரு வழக்கைத் திறந்துவிட்டது.

வழக்கை முதலில் சொல்லிவிடுகிறேன்.

அப்பாவுக்குப் பக்கத்து ஊரான கருங்கலின் சந்தையில் வாழைக்குலை வியாபாரம். அவருடைய தம்பி, எங்கள் சித்தப்பா, வளைகுடாவில் வேலை பார்த்தார். நான் நாலாம் வகுப்பும் அண்ணன் ஏழாம் வகுப்பும் படித்தபோது விடுமுறைக்கு வந்த சித்தப்பா ஒரு டிவி கேம் கொண்டுவந்தார். வெள்ளைப் பெட்டி, சிவப்புப் பொத்தான் வைத்த இரண்டு ரிமோட், ஒரே ஒரு மஞ்சள் கேசட். கேசட்டுக்குள் பல கேம்கள் இருந்தாலும் நாங்கள் ஒன்றைத்தான் பிடித்துக்கொண்டோம். அதன் பெயர் எங்களுக்குத் தெரியாது. எழுத்தெல்லாம் பூச்சி பூச்சியாக இருக்கும், எந்த நாட்டு எழுத்தோ. நீலச் சட்டை போட்ட ஓர் ஆள் கையில் சாவிக்கொத்தோடு ஏழு கோட்டைகளைத் தாண்டிப் போக வேண்டும். அவனை நாங்கள் நீலச்சட்டைக்காரன் என்றே கூப்பிட்டோம். அவனுக்கு மூன்று உயிர். மூன்றும் போனால் முதல் கோட்டையிலிருந்து தொடங்க வேண்டும். கரண்ட் போனாலும் முதல் கோட்டைதான்.

ஏழாவது கோட்டைக்குப் பிறகு என்ன இருக்கிறது என்று பார்த்துவிட வேண்டும், அது ஒன்றுதான் அண்ணனின் ஆசை. படிப்பு, சைக்கிள், மாங்காய் எல்லாம் அதற்குப் பிறகுதான். ஆனால் நான்காவது கோட்டையை அவன் தாண்டியதில்லை. அதற்குள் ஒன்று உயிர் போகும், இல்லையென்றால் கரண்ட் போகும், இரண்டும் போகவில்லை என்றால் அப்பா வந்துவிடுவார்.

அப்பாவுக்கு ஒரு உறுதியான நம்பிக்கை இருந்தது. டிவி கேம் விளையாடினால் டிவியின் பிக்சர் டியூப் போய்விடும். இதை அவருக்கு யார் சொன்னார்கள் என்று கடவுளுக்குத்தான் தெரியும். ஆனால் உங்கள் வீட்டிலும் ஒருவர் இதே வார்த்தையைச் சொல்லியிருப்பார் என்று எனக்கு நிச்சயமாகத் தெரியும். ஊர் முழுக்க அப்பாக்கள் கூடிப் பேசி முடிவெடுத்தது மாதிரி எல்லோரும் இதையே சொன்னார்கள்.

அப்புறம் ஒரு நாள், காலாண்டுத் தேர்வு நேரத்தில், நாங்கள் பள்ளிக்கூடம் விட்டு வந்தபோது டிவி செத்துக் கிடந்தது. சத்தம் வந்தது, படம் வரவில்லை. நடுவில் ஒரு வெள்ளைக் கோடு மட்டும் நின்றது. டிவியின் முதுகில் கேம் ஒயர் செருகியபடியே இருந்தது. அப்பாவுக்கு அதற்கு மேல் சாட்சி வேண்டியிருக்கவில்லை. அண்ணன், தான் அந்த வாரம் முழுக்க அதைத் தொடவே இல்லை என்று சத்தியம் செய்தான். டிவி கெட்டதற்கு இரண்டு அடி, பொய் சொன்னதற்கு நாலு அடி, கொய்யாக் கம்பால் விழுந்தது. அம்மா அடுக்களை வாசலில் நின்றாள். அன்று ராத்திரி வைத்த மீன்குழம்பில் உப்பே இல்லை. அதை அப்பா கவனித்ததாகத் தெரியவில்லை.

மறுநாள் பழைய சாமான் எடுக்கிறவர் வந்தபோது டிவி கேமை அப்பா தூக்கிக் கொடுத்துவிட்டார். பதிலுக்கு ஒரு சிவப்பு பிளாஸ்டிக் வாளி வந்தது. புத்தம் புது வாளி, பளபளவென்று. அதில் அம்மா ஒரு நாள்கூடத் தண்ணீர் பிடிக்கவில்லை. அடுப்புச் சாம்பல் அள்ளிப் போட வைத்துக்கொண்டாள். நல்ல வாளியில் ஏன் சாம்பல் போடுகிறாய் என்று அப்பா கேட்டதற்கு, லேசாக ஒழுகுகிறது என்றாள். அது ஒழுகவில்லை. நான் ஒருமுறை ரகசியமாகத் தண்ணீர் ஊற்றிப் பார்த்திருக்கிறேன்.

அண்ணன், தான் தொடவில்லை என்றால் நான்தான் தொட்டிருக்க வேண்டும் என்று முடிவுகட்டினான். இரண்டு மாதம் என்னைச் சைக்கிளில் ஏற்றவில்லை. பள்ளிக்கூடத்துக்கு நடந்தே போனேன். பிறகு பேச ஆரம்பித்துவிட்டோம் என்றாலும், சண்டை வரும்போதெல்லாம் “அன்னைக்கு ஒயரைச் சொருகினது நீதானே?” என்று தொடங்குவான். இப்படியே நாலு வருடம் போயிற்று.

இனி அந்த மே மாதம். சித்தப்பா நாற்பது நாள் விடுமுறையில் வந்தார். இந்த முறை பெண் பார்த்து நிச்சயம் செய்துவிடுவது என்று திட்டம். அவர் கையில் ஒரு கறுப்பு போன் இருந்தது. வழுவழுப்பாக, உள்ளங்கையில் பாதி அளவுக்குத் திரையோடு. பாட்டு ஏற்ற வேண்டும் என்று கருங்கல் பஸ் நிலையத்துக்குப் பின்னால் இருந்த ஒரு மொபைல் கடைக்கு அண்ணனையும் என்னையும் கூட்டிக்கொண்டு போனார். கடைக்காரர் பழைய பல் துலக்கும் பிரஷ்ஷால் யாருடைய போனையோ சுத்தம் செய்துகொண்டிருந்தார். மெமரி கார்டைக் கழற்றி கம்ப்யூட்டரில் போட்டுவிட்டு, கேம் ஏதாவது வேண்டுமா என்று பொதுவாகக் கேட்டார். அண்ணன் தயங்கித் தயங்கி, பழைய டிவி கேம் கிடைக்குமா என்றான். கடைக்காரர் சிரித்தார். எல்லாம் இருக்கிறது, எமுலேட்டர் போட்டால் போதும் என்று பட்டியலைத் திறந்து காட்டினார். அதில் ஒரு சின்னப் படத்தில் நீலச்சட்டைக்காரன் சாவிக்கொத்தோடு நின்றான். அண்ணன் என் கையைப் பிடித்து நசுக்கிய நசுக்கில் வளையல் உடைந்தது. நான் அழவில்லை.

வீட்டுக்கு வந்து உட்கார்ந்த அரைமணி நேரத்தில் கரண்ட் போயிற்று. “போச்சு” என்று அண்ணன் பழக்கதோஷத்தில் தலையில் கை வைத்தான். ஆனால் போன் திரையில் நீலச்சட்டைக்காரன் அவன் பாட்டுக்கு நின்றுகொண்டிருந்தான். நாங்கள் இரண்டு பேரும் ஒருவரையொருவர் பார்த்துச் சிரித்த சிரிப்பில், அடுக்களையிலிருந்து அம்மா எட்டிப் பார்த்துவிட்டுப் போனாள்.

குறைகள் இல்லாமல் இல்லை. பாட்டு இழுத்து இழுத்து வந்தது, பேட்டரி தீர்ந்த டேப் ரிக்கார்டர் மாதிரி. நடப்பதற்கு 4, 6. குதிப்பதற்கு 0. பொத்தான்கள் அரிசி அளவுதான். ஆனால் ஒரு பெரிய வசதி இருந்தது. எந்த இடத்திலும் நிறுத்தி, அந்த இடத்தை அப்படியே சேவ் செய்யலாம். செத்தாலும் அங்கிருந்தே தொடங்கலாம். டிவி கேம் காலத்தில் இப்படி ஒன்றை நாங்கள் கனவில்கூடக் கேட்டதில்லை. அண்ணன் பத்தடிக்கு ஒருமுறை சேவ் செய்தான். அப்படித்தான் நாங்கள் இருபத்தைந்து நாளில் ஆறாவது கோட்டை வரை போய்ச் சேர்ந்தோம்.

நடுவில் ஒரு வில்லங்கம். ஐந்தாவது கோட்டையில் ஆடுகிற பாலத்தில் நிற்கும்போது போன் அடித்தது. அண்ணன் சிவப்புப் பொத்தானை அமுக்கிக் கட் பண்ணினான். மறுபடி அடித்தது. மறுபடி கட் பண்ணினான். மூன்றாவது முறையும். கூப்பிட்டவர் பெண்ணின் அப்பா. மாப்பிள்ளைக்கு இப்பவே இவ்வளவு தலைக்கனமா என்று குழித்துறையில் பெண் வீட்டில் பேச்சாகி, தரகர் நேரில் வந்துவிட்டார். பைக் ஓட்டிக்கொண்டிருந்தேன் என்று சித்தப்பா சமாளித்தார். எங்களை ஒரு வார்த்தை சொல்லவில்லை. அந்தப் பெண்தான் பிறகு எங்கள் சித்தியானாள். இன்றைக்கும் நான் போனை எடுக்காவிட்டால், பாலத்தில் நிற்கிறாயா என்று கேட்பாள்.

சித்தப்பா கிளம்புவதற்கு முந்தின நாள் அந்த இடி விழுந்தது. பிரயாணத்துக்குப் படமும் பாட்டும் ஏற்ற கருங்கலுக்குப் போனார். கார்டில் இடமில்லை என்று கடைக்காரர் எல்லாவற்றையும் அழித்துவிட்டு புதிதாக ஏற்றிக் கொடுத்துவிட்டார். ஆறாவது கோட்டை, இருபத்தைந்து நாள், எல்லாம் போயிற்று. அண்ணன் சாப்பிடவில்லை. மீசை அரும்பிய பையன் அழக்கூடாது என்று அடக்கிக்கொண்டு சுவரைப் பார்த்துப் படுத்துவிட்டான். சித்தப்பா பதறிப்போனார். மறுநாள் காலையில், ஊருக்குக் கிளம்புகிற பரபரப்பிலும் திரும்பக் கடைக்குப் போய் கேமை ஏற்றிக்கொண்டு வந்தார். கேம் வந்தது. சேவ் வரவில்லை. இந்த முறை அவசரத்தில் ஏற்றிய எமுலேட்டரில் சேவ் செய்யும் வசதியே இல்லை. முதல் கோட்டையிலிருந்து தொடங்க வேண்டும். நான்கு மணிக்கு திருவனந்தபுரம் ஏர்போர்ட்டுக்கு வேன் வரும். அதோடு போனும் போய்விடும். அடுத்த விடுமுறைக்கு இரண்டு வருடம் ஆகும்.

மத்தியானம் இரண்டு மணி. வீடு முழுக்க சக்கை வற்றல் பொரித்த எண்ணெய் வாசனை. பலாச்சுளையைத் தேங்காய் எண்ணெயில் பொரித்தால் எழும் அந்த வாசனை தெரு முக்கு வரை போகும். அப்பா குலை நிறுக்கிற தராசைச் சந்தையிலிருந்து கொண்டுவந்து, அட்டைப்பெட்டியை நிறுத்துப் பார்த்து, கயிறு போட்டுக் கட்டிக்கொண்டிருந்தார். அண்ணன் இரண்டாவது கோட்டையில் கடைசி உயிரையும் விட்டுவிட்டு போனைக் கட்டிலில் போட்டான்.

“இனி நடக்காது மக்கா, விடு,” என்றார் சித்தப்பா, பாவமாக.

அம்மா அடுக்களையிலிருந்து வந்தாள். முந்தானையில் கையைத் துடைத்தாள். கட்டிலில் உட்கார்ந்து போனை எடுத்தாள்.

“ஏட்டி, அடுப்புல எண்ணெய் கெடக்கு, நீ போய் பாரு,” என்றாள் என்னிடம். நான் அடுப்பை அணைத்துவிட்டு ஓடிவந்து பார்த்தபோது நீலச்சட்டைக்காரன் முதல் கோட்டையின் பாதியில் இருந்தான். அம்மா தடுமாறவே இல்லை. எந்தக் கல்லுக்குப் பின்னால் வௌவால் வரும், எந்தப் படி இடியும் என்று எல்லாம் அவளுக்குத் தெரிந்திருந்தது. இரண்டாவது கோட்டையில் மட்டும் ஒரு உயிர் போனது. அதுவும் பொத்தானால்தான்.

“எனக்க பெருவிரலு ஒண்ணை அமுக்கினா மூணு அமுங்குது. நான் நடத்துதேன், நீ சாடு,” என்று அண்ணனிடம் சொன்னாள். எங்கள் பக்கத்தில் குதிப்பதற்குச் சாடுவது என்பார்கள். அண்ணன் பக்கத்தில் உட்கார்ந்து 0-வின் மேல் விரலை வைத்தான். ஒரே போனை இரண்டு பேரும் பிடித்துக்கொண்டார்கள். அம்மா சாடு என்றால் அவன் சாடினான்.

மூன்றாவது கோட்டையில் ஒரு கிணறு உண்டு. விழுந்தால் சாவு என்று நினைத்து நாங்கள் எல்லா முறையும் தாண்டித்தான் போயிருக்கிறோம். அம்மா நேராக அதன் விளிம்புக்கு நடந்தாள். அண்ணனின் விரல் எழும்பியது. அவள் அதைத் தட்டிவிட்டாள்.

“சாடாத. விழட்டு.”

நீலச்சட்டைக்காரன் கிணற்றில் விழுந்தான். நான் கண்ணை மூடிக்கொண்டேன். பாட்டு மாறியது. கண்ணைத் திறந்தால் அவன் ஐந்தாவது கோட்டையின் வாசலில் நின்றான். நான்காவது கோட்டையே இல்லை. அண்ணன் பாதி ஆயுளைத் தொலைத்த அந்த நான்காவது கோட்டை.

“இது உனக்கு எப்படிம்மா தெரியும்?” என்றான் அண்ணன்.

“பெறவு சொல்லுதேன். சாடு.”

ஆடுகிற பாலத்தைத் தாண்டினார்கள். ஆறாவது கோட்டையில் நீளமான நடை ஒன்று உண்டு, எதிரி யாரும் வராத இடம். அங்கே வைத்து, திரையை விட்டுக் கண்ணை எடுக்காமல் அம்மா சொன்னாள்.

“மக்கா, அன்னைக்கு டிவி போச்சுல்லா. அப்ப விளையாடிட்டு இருந்தது நானாக்கும்.”

அண்ணனின் விரல் நின்றுவிட்டது. நீலச்சட்டைக்காரன் ஒரு முள்வேலியில் போய் முட்டிச் செத்தான்.

“ஒரு உயிரு போச்சு. இனி ஒண்ணுதான் உண்டு. பாத்துச் சாடு,” என்றாள் அம்மா. அவள் கண்ணில் தண்ணீர் நின்றது. ஆனால் 6-ஐ விட்டு விரலை எடுக்கவில்லை.

நடந்துகொண்டே எல்லாவற்றையும் சொன்னாள். நாங்கள் பள்ளிக்கூடம் போன பிறகு, மீன் கழுவிக் குழம்பு வைத்த பிறகு, பன்னிரண்டு மணிக்குக் கோயில் மணி அடித்ததும் உட்காருவாளாம். மூன்று மணிக்கு ஒயரைக் கழற்றிச் சுருட்டி வைத்துவிடுவாளாம். ஒருநாள் கிணற்றங்கரையில் நீலச்சட்டைக்காரனை நிறுத்திவிட்டு டெலிபோன் எடுக்கப் போனாள். திரும்பி வருவதற்குள் வௌவால் இடித்து அவன் கிணற்றில் விழுந்து ஐந்தாவது கோட்டையில் நின்றானாம். ஏழாவது கோட்டை வரை அவள் போய்விட்டாள். அங்கே நிற்கும்போதுதான் டிவி புகைந்தது. பயத்தில் ஒயரைக் கழற்ற மறந்துவிட்டாள்.

“சொல்லணும்னுதான் வாசலுக்கு வந்தேன். ஒரு பொம்பள மத்தியானம் இருந்து கேம் விளையாடுகான்னு சொல்ல வெக்கமா இருந்து. அதுக்குள்ள உனக்கு அடி விழுந்தாச்சு.”

அறையில் கயிறு இழுபடுகிற சத்தம் நின்றிருந்தது. அப்பா அட்டைப்பெட்டியின் மேல் ஒரு காலை ஊன்றியபடி அப்படியே நின்றார். வெளியே வேன் ஹார்ன் அடித்தது. சித்தப்பா ஜன்னல் வழியாக, ஐந்து நிமிடம் என்று கையைக் காட்டினார். டிரைவர் பொறுமை இல்லாமல் உள்ளே வந்து, எட்டிப் பார்த்து, அவரும் நின்றுவிட்டார்.

ஏழாவது கோட்டை. “சாடு. நில்லு. சாடு, சாடு. இப்ப வேண்டாம். சாடு.” அம்மாவின் குரல் மட்டும்தான். அந்தச் சின்னத் திரைக்கு மேல் எங்கள் தலைகள் எல்லாம் முட்டிக்கொண்டன. கடைசிக் கதவு திறந்தது. டிரைவர்தான் முதலில் கை தட்டினார்.

உள்ளே என்ன இருந்தது தெரியுமா? ஒரு வீடு. ஒரு நாற்காலி. நீலச்சட்டைக்காரன் சாவிக்கொத்தை ஆணியில் மாட்டிவிட்டு நாற்காலியில் உட்கார்ந்தான். பூச்சி எழுத்தில் நாலு வரி வந்தது. அவ்வளவுதான். திரும்ப முதல் கோட்டை வந்துவிட்டது.

“இதுக்காடே இவ்வளவு பாடு?” என்று அம்மா சிரித்தாள். சிரித்துச் சிரித்து அவளுக்கு இருமல் வந்துவிட்டது. அண்ணன் அவள் தோளில் தலையை வைத்துக்கொண்டு சிரித்தான். சிறிது நேரம் கழித்துத்தான் அவன் அழுகிறான் என்று தெரிந்தது. போனை வைத்துக்கொள்ளுங்கள் மைனி, நான் அங்கே போய் வேறு வாங்கிக்கொள்கிறேன் என்றார் சித்தப்பா அம்மாவிடம். அம்மா வாங்கவில்லை. ஜெயித்தாயிற்று, இனி எதற்கு என்று அவர் சட்டைப் பையிலேயே போட்டுவிட்டாள்.

நானும் அண்ணனும் வேனோடு கருங்கல் வரை போய்விட்டு, பஸ்ஸில் திரும்பி வந்தோம். வழியில் அவன் எனக்கு ஒரு டஜன் கண்ணாடி வளையல் வாங்கிக் கொடுத்தான். ஒயரைப் பற்றி அவன் கேட்கவில்லை, நானும் சொல்லிக்காட்டவில்லை. கொஞ்சம் சொல்லிக்காட்டினேன்.

இப்போது எனக்குத் தெரியும், டிவி கேம் விளையாடினால் எந்த டியூபும் போகாது. அந்த டிவி பழசு, எங்கள் ஊர் கரண்ட் ஏறி இறங்குகிற கரண்ட். யாருமே குற்றவாளி இல்லாத ஒரு வழக்கில் அண்ணன் அடி வாங்கினான், அம்மா நாலு வருடம் தனக்குத் தானே தண்டனை போட்டுக்கொண்டாள், நான் இரண்டு மாதம் நடந்தேன். நினைத்தால் சிரிப்புதான் வருகிறது. அன்றைக்கு அப்பாவுக்கு மட்டும் சிரிப்பு வரவில்லை.

நாங்கள் வீட்டுக்குள் நுழைந்தபோது வெயில் தாழ்ந்திருந்தது. அப்பா கிணற்றடியில் குனிந்து நின்றார். சாம்பலைத் தென்னை மரத்தடியில் கொட்டிவிட்டு, அந்தச் சிவப்பு வாளியைத் தேங்காய் நாரால் தேய்த்துக்கொண்டிருந்தார். உள்ளேயும் தேய்த்தார், வெளியேயும் தேய்த்தார். நாலு வருடத்துச் சாம்பல் எளிதில் போகவில்லை. கழுவி முடித்ததும் கிணற்றிலிருந்து தண்ணீர் கோரி விளிம்பு வரை நிரப்பி, துவைகல்லின் மேல் தூக்கி வைத்தார். அண்ணனை எப்போதும் ஏலே என்றுதான் கூப்பிடுவார்.

“மக்கா, வெள்ளம் கோரி வச்சிருக்கேன். போய் குளி,” என்றார். சொல்லிவிட்டு யார் முகத்தையும் பார்க்காமல் தராசைத் தூக்கிக்கொண்டு சந்தைக்குக் கிளம்பிவிட்டார்.

அண்ணன் வாளியைச் சுற்றி வந்து பார்த்தான். ஒரு சொட்டு ஒழுகவில்லை. அந்த ஒரு வாளித் தண்ணீரில் அவன் அன்றைக்கு ஒரு மணி நேரம் குளித்தான்.